சம்பந்தியின் சிலிண்டர்

ரேஞ்சில் அவளை எல்லாரும் முகத்துக்கு நேரே ‘டீச்சர்’ என்பார்கள். முதுகுக்குப் பின்னால் ‘காலி டீச்சர்’. காவலாளிகளை வேலைக்கு அனுப்பும் ஒரு நிறுவனத்தின் துப்பாக்கிப் பயிற்சிக் கூடம் அது. வங்கி வாசலிலும் நகைக்கடை வாசலிலும் இடுப்பில் ரிவால்வரோடு நிற்கிறவர்கள் வருடத்துக்கு ஒருமுறை அங்கே வந்து, அதைக் கையாளத் தெரியும் என்று டீச்சர் முன்னால் காட்ட வேண்டும். காட்டினால் இன்னொரு வருடம் வாசல். இல்லாவிட்டால் துப்பாக்கி கூடத்து இரும்பு அலமாரிக்குள் போய்விடும். ஆள் பார்க்கிங்கில் நின்று விசில் ஊத வேண்டியதுதான்.

‘காலி’ வந்த கதை இது. ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு ரிவால்வர் போவதென்றால் அங்கே ஒரு முறை உண்டு. கொடுப்பவர் சிலிண்டரை, அதாவது தோட்டா உட்காரும் உருளையை, வெளியே தள்ளி, ஒவ்வொரு குழியையும் பார்த்து, சுண்டுவிரல் நுனியை வைத்தும் பார்த்து, “காலி” என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டு, சிலிண்டரை மூடாமல் திறந்தபடியே நீட்ட வேண்டும். வாங்குகிறவர் அதை ஒரு துளியும் நம்பக் கூடாது. அவரும் பார்த்து, அவரும் விரல் வைத்து, அவரும் “காலி” சொன்ன பிறகுதான் அது காலி. “கடவுளே நேர்ல வந்து காலின்னு குடுத்தாலும், கொஞ்சம் இருங்க சாமின்னு சொல்லிட்டு ஒரு தடவை பாத்துடுங்க” என்பாள் டீச்சர். இதைக் கேட்டு முதல் முறை சிரிக்காதவர் இல்லை; அவள் சிரிக்காததைப் பார்த்து அப்புறம் சிரிப்பை விழுங்காதவரும் இல்லை.

வீட்டிலும் இந்தப் புத்தி போகவில்லை. பால் பாத்திரம் காலி என்று யாராவது சொன்னால் எட்டிப் பார்ப்பாள். பள்ளி வேன் ஓட்டும் அவள் கணவர், பிள்ளைகளை இறக்கிவிட்டு வந்ததும், “வேன் காலி, சீட்டுக்கு அடியிலயும் பாத்தாச்சு, வேணும்னா வந்து விரல் வெச்சுப் பாரு” என்று வாசலிலிருந்தே குரல் கொடுப்பார். மனைவிக்குச் சிலிண்டரில்தான் வேலை என்று அவர் ஒருமுறை வாய்தவறிச் சொல்லப்போக, பக்கத்து வீட்டுக்காரி சமையலுக்கு ஒரு சிலிண்டர் கூடுதலாகக் கிடைக்குமா என்று கேட்டு வந்து நின்றாள். அந்தக் கதையை அவர் இன்னும் பத்து வருடம் சொல்வார்.

அவர்களுக்கு ஒரே பெண். மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை. அதே கடையில் பார்வை பரிசோதிக்கும் பையனும் அவளும் ஒருவரையொருவர் போதுமான அளவு பரிசோதித்துக்கொண்டு, இரண்டு வீட்டிலும் விஷயத்தைச் சொல்லியிருந்தார்கள். நல்ல பையன். குறை சொல்ல ஒன்றும் இல்லை. பெரியவர்கள் சந்தித்தார்கள், பேசினார்கள், தேதி குறித்தாயிற்று, பத்திரிகை அச்சுக்குப் போயிருந்தது. பையனின் அப்பா யார் என்று கேட்டால் அங்கேதான் விதி கொஞ்சம் கண்ணடித்தது. அவர் அதே நிறுவனத்தின் காவலாளி. ஊரிலேயே பெரிய நகைக்கடை ஒன்றின் வாசலில் நிற்பவர். இத்தனை வருடமாக அவரை இன்னொரு பரிசோதகர்தான் சோதித்து வந்தார். அதனால் கல்யாணப் பேச்சு வரும்வரை டீச்சர் அவரைப் பார்த்ததில்லை.

அந்தப் பரிசோதகருக்கு இந்த வருடம் பார்த்து இடுப்பு பிடித்துக்கொண்டது.

“இந்த ஆளை மட்டும் நான் பாக்க வேண்டாமே சார், என் சம்பந்தி” என்று டீச்சர் மேலாளரிடம் சொல்லிப் பார்த்தாள்.

“இடுப்பு பிடிச்சவரை ஸ்ட்ரெச்சர்ல தூக்கிட்டு வரச் சொல்றீங்களா? நீங்களே பாத்துடுங்க. துப்பாக்கிக்குச் சம்பந்தி தெரியுமா, சகலை தெரியுமா?” என்றார் அவர், தலையைக்கூட நிமிர்த்தாமல்.

சம்பந்தி பெரிய உருவம். வாசலை அடைத்துக்கொண்டு நிற்கவென்றே பிறந்தவர் போல இருப்பார், ஆனால் குரல் மட்டும் குழந்தைகளைக் கொஞ்சுகிற குரல். கடைக்கு வருகிறவர்களுக்கெல்லாம் அவரைத் தெரியும். காலையில் கடை திறக்கும் முன் அவர் தோட்டா போடுவதைப் பார்க்க விற்பனைப் பெண்கள் கூடிவிடுவார்கள். ஆறையும் போட்டுவிட்டு மணிக்கட்டை ஒரு சுண்டு சுண்டுவார். சிலிண்டர் ‘டக்’கென்று உள்ளே போய் உட்காரும். அவர்கள் கைதட்டுவார்கள். துப்பாக்கி அவருடைய சொந்தத் துப்பாக்கி, உரிமம் அவர் பெயரில். சாயங்காலம் தோட்டாக்களை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு, துப்பாக்கியை வீட்டுக்குக் கொண்டுபோய் அலமாரியில் வைத்துப் பூட்டுவார். நாள் தவறாமல் இதுதான் நடைமுறை.

சோதனை நாளில் அவர் புதிதாகச் சலவை செய்த சீருடையில் வந்தார்.

“மூணாம் நம்பர், வாங்க” என்றாள் டீச்சர். ரேஞ்சில் எல்லாரையும் நிற்கும் இடத்தின் எண்ணைச் சொல்லித்தான் கூப்பிடுவது. ஆனாலும் சம்பந்தியை எண் சொல்லி அழைக்க அவளுக்கு நாக்குக் கூசியது.

“வந்துட்டேன் சம்பந்தியம்மா. வீட்ல எல்லாரும் நல்லா இருக்காங்களா? மருமக எப்படி இருக்கா?”

“எல்லாரும் நல்லா இருக்கோம். இங்க என்னை டீச்சர்னு கூப்பிடுங்க சம்பந்தி.”

“நீங்க மட்டும் சம்பந்திங்கறீங்க!” என்று அவர் சிரித்தார். அவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. காதுமூடியை மாட்டிக்கொள்ளும் சாக்கில் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

கூடம் நீளமான ஓர் அறை. சுவரெல்லாம் சத்தத்தை உறிஞ்சும் பஞ்சுப் பலகை. கடைசியில் மணல் மேடு, அதற்கு முன்னால் கம்பியில் தொங்கும் அட்டைகள். சுடும் இடத்துக்கும் பரிசோதகர் நிற்கும் இடத்துக்கும் நடுவே இடுப்பளவு மேஜை. சம்பந்தி வெற்றுத் துப்பாக்கியைத் திறந்து காட்டினார், குழலைக் கீழே சாய்த்து ஆறு தோட்டாக்களையும் போட்டார். அதுவரை குறை இல்லை. அப்புறம் மணிக்கட்டைச் சுண்டினார். டக்.

“கைதட்ட இங்க யாரும் இல்ல. திறங்க. ரெண்டு கையால மூடுங்க” என்றாள் டீச்சர்.

“இத்தனை வருஷமா இப்படித்தான்…”

“அதான் பயமா இருக்கு. சிலிண்டரைத் தாங்கிக்கிட்டு ஒரு சின்ன இரும்புக் கை இருக்கு பாருங்க, நீங்க சுண்டுற ஒவ்வொரு தடவையும் அது கொஞ்சம் வளையும். வளைஞ்சா குழி ஒரு பக்கம், குழல் ஒரு பக்கம். அப்புறம் சுட்டா ஈயம் பக்கவாட்டுல தெறிக்கும். கதவை எட்டி உதைச்சு சாத்திக்கிட்டே இருந்தா கீல் என்னத்துக்கு ஆகும்?”

தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும் என்பார்கள். துப்பாக்கிக்காரர்கள் விஷயத்தில் சுடுகாடு கொஞ்சம் முன்னாலேயே வந்துவிடும் என்பதுதான் வித்தியாசம். சம்பந்தி முகம் ஒரு கணம் சுருங்கியது. இருந்தாலும் நல்ல மனிதர். திறந்தார், இடது கட்டைவிரலால் சிலிண்டரை மெல்ல உள்ளே அழுத்தி மூடினார். நல்ல பிள்ளை என்று சொல்லுங்கள் என்கிற மாதிரி அவளைப் பார்த்தார்.

சுடச் சொன்னாள். சுட்டார். சும்மா சொல்லக் கூடாது, பெரிய கைக்காரர்தான். அட்டையின் நடுவில் நான்கு துளைகளும் ஒன்றையொன்று உரசிக்கொண்டு விழுந்தன. இரண்டு தோட்டாக்கள் மிச்சம் இருக்கும்போதே, “நிறுத்துங்க. காலி பண்ணிக் குடுங்க” என்றாள். சோதனையே அங்கேதான். சுட எல்லாருக்கும் வரும். சுட்டது பாதியும் சுடாதது பாதியுமாக இருக்கிற துப்பாக்கியை அமைதியாகக் காலி செய்வதில்தான் ஆள் யாரென்று தெரியும்.

முறைப்படி என்றால் சிலிண்டரைத் திறந்து, குழலைக் கூரையைப் பார்க்கத் தூக்கி, முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும் தள்ளுகம்பியை உள்ளங்கையால் ஒரே அடி அடிக்க வேண்டும். அத்தனையும் பொலபொலவென்று கீழே விழும். சம்பந்தி அப்படிச் செய்யவில்லை. குழலைக் கீழே சாய்த்துக்கொண்டார். தள்ளுகம்பியைக் கட்டைவிரலால் மெதுவாக, பாதிதான் அழுத்தினார். தோட்டாக்கள் தலைதூக்கின. அவற்றைப் பெரிய விரல்களால் ஒவ்வொன்றாக, பூப்பறிப்பது போலப் பறித்து மேஜையிலிருந்த கிண்ணத்தில் போட்டார். போட்டுக்கொண்டே பேசினார்.

“மண்டபத்துல நாற்காலி பத்தாதாம் சம்பந்தியம்மா. இன்னும் கொஞ்சம் சொல்லி வைக்கலாமான்னு பையன் கேக்கறான்.”

டீச்சர் காதுமூடியைக் கழுத்துக்கு இறக்கினாள். சுட்ட கூடுகள் குழிக்குள் இறுகிப் பிடித்துக்கொண்டு மேலேயே நிற்கும். சுடாதது அப்படியில்லை, கனமானது, வழவழப்பானது. குழல் கீழே சாய்ந்திருந்தால் தலைதூக்கிய வேகத்திலேயே திரும்ப வழுக்கி உள்ளே போய்விடும். கிண்ணத்தில் விழுந்த சத்தங்களை அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். ஒரு சத்தம் குறைவாக இருந்தது. பார், மூடுவதற்கு முன்னால் ஒரு தடவை குனிந்து பார் என்று மனசுக்குள் கெஞ்சினாள். காலி செய்யும்போது மட்டும் பரிசோதகர் வாய் திறக்கக் கூடாது, அது சட்டம்.

அவர் பார்க்கவில்லை. அவர் கவனமெல்லாம் அவள் சற்று முன் சொல்லிக்கொடுத்ததில் இருந்தது. இரண்டு கையாலும் பதமாக, பவ்யமாக, பாடப்புத்தகத்தில் படம் போடலாம் என்கிற மாதிரி சிலிண்டரை மூடினார். மூடிய துப்பாக்கியைப் பெருமையோடு நீட்டினார்.

“காலி” என்றார்.

அவள் வாங்கினாள். குழலை மணல் மேட்டுப் பக்கம் திருப்பினாள். திறந்தாள். ஒரு குழியில் பித்தளை வட்டம் பளிச்சென்று தெரிந்தது. அதை எடுத்து உள்ளங்கையில் வைத்து அவருக்குக் காட்டினாள்.

அவர் கிண்ணத்தைப் பார்த்தார், மறுபடி அவள் கையைப் பார்த்தார்.

“அது… வழக்கமா வழுக்காது” என்றார்.

“ஏன் விரலால எடுக்கறீங்க சம்பந்தி? மேல தூக்கி ஒரு தட்டு தட்டினா விழுந்துட்டுப் போகுதே.”

“கடையில மார்பிள் தரை. விழுந்தா ‘டிங்’குனு சத்தம் போட்டு உருண்டு போய் யார் காலடியிலயாவது நிக்கும். ஒரு தடவை அப்படித்தான், ஒரு அம்மா வளையல் பாத்துக்கிட்டு இருந்தாங்க, காலடியில தோட்டாவைப் பாத்ததும் அலறின அலறல்ல கடையே கிடுகிடுத்துப் போச்சு. முதலாளி கூப்பிட்டு, இனிமே சத்தம் கேக்கக் கூடாதுன்னார். அதுலேர்ந்து விரல்தான்.”

“எடுத்ததை எண்ணுவீங்களா?”

“பையில ஏற்கெனவே கொஞ்சம் கிடக்கும். அதோட சேத்துப் போட்டுடுவேன். கைக்குத் தெரியாதா, எண்ணுவானேன்?”

டீச்சருக்கு அவர்மேல் இரக்கம் வந்தது. சோம்பலால் வந்த தப்பாக இருந்தால் கோபப்பட்டிருப்பாள். இது மரியாதையால் வந்த தப்பு. யாரோ ஓர் அம்மாள் பயந்துவிடக் கூடாது என்று ஆரம்பித்த பழக்கம், நாள்தோறும் சாயங்காலம் ஆறு குழியிலும் சுடாத தோட்டா, குழல் கீழ்நோக்கி, எண்ணிக்கை இல்லை. நகைக்கடைக் காவலாளியைத் தவிர வேறு யாராலும் இப்படி ஒரு தப்பைக் கற்றுக்கொள்ள முடியாது.

அவர் குரலைத் தாழ்த்தினார். “பாத்தது நீங்க மட்டும்தான்.”

“ஆமா. அதான் கஷ்டமா இருக்கு.”

“அட்டையைப் பாருங்க சம்பந்தியம்மா. எத்தனை பேர் இப்படிச் சுடுவாங்க?”

“ஒருத்தரும் சுட மாட்டாங்க. ஆனா நீங்க காலின்னு சொன்னது காலியா இல்ல. அதுக்கு மேல நான் என்ன எழுத முடியும்? பயிற்சிக்கு வாங்க. நானே கூட நிக்கறேன். அப்புறம் இன்னொரு தடவை டெஸ்ட் குடுங்க.”

“மாப்பிள்ளையோட அப்பா பார்க்கிங்ல விசில் ஊதறார்னு உங்க சொந்தக்காரங்க சிரிப்பாங்க. அது உங்களுக்குத்தானே அசிங்கம்?”

டீச்சர் பேனாவை எடுத்தாள். அன்றைய தாளில் தேறவில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். துப்பாக்கியை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டுத் திரும்பியபோது சம்பந்தி போய்விட்டிருந்தார். காதுமூடி மேஜைமேல் ஒழுங்காக மடித்து வைக்கப்பட்டிருந்தது.

வீட்டில் விஷயத்தைச் சொன்னபோது அவள் கணவர் குடித்துக்கொண்டிருந்த தண்ணீரை அப்படியே கீழே வைத்தார்.

“ஊர்ல இல்லாத சம்பந்தி சண்டையெல்லாம் பாத்திருக்கேன். பந்தியில கவனிக்கலைன்னு சண்டை, பத்திரிகையில பேர் விட்டுப்போச்சுன்னு சண்டை. சம்பந்தியையே ஃபெயிலாக்கினவ உலகத்துலயே நீ ஒருத்திதான்.”

“நான் ஆக்கலை. அவர் ஆனார்.”

“இதை அவங்க வீட்ல போய்ச் சொல்லு, நல்லா எடுபடும்.”

மகள் கத்தவில்லை. கத்தியிருந்தால் பரவாயில்லை. பக்கத்தில் வந்து உட்கார்ந்து, “ஒரே ஒரு தோட்டாதானேம்மா?” என்று கேட்டாள்.

“ஒண்ணே போதும்டி” என்றாள் டீச்சர்.

அதுவரை தினமும் சாயங்காலம் மாப்பிள்ளையின் அம்மா போன் செய்வாள். பேச்சுக்கு விஷயமே வேண்டாம் அவளுக்கு. ஜாக்கெட் தையல்காரர் பொய் சொன்னதிலிருந்து பஸ்ஸில் யாரோ தும்மியதுவரை சொல்வாள். டீச்சர் ‘ம்’ கொட்டிக்கொண்டே பாத்திரம் கழுவி முடித்துவிடுவாள். அந்தப் போன் நின்றுவிட்டது. முதல் நாள் வரவில்லை, சரி. மறுநாளும் வரவில்லை. அப்புறம் அந்த நேரத்துக்கு வீட்டில் மூன்று பேரும் போனையே பார்த்துக்கொண்டு, பார்க்காதவர்கள் மாதிரி நடிக்க ஆரம்பித்தார்கள்.

மாப்பிள்ளைப் பையன் மகளிடம் சொன்ன செய்தி இன்னும் மோசமாக இருந்தது. அப்பா அறையை விட்டு வெளியே வருவதில்லை. சரியாகச் சாப்பிடுவதில்லை. யாரோடும் பேச்சில்லை. கல்யாண வேலை பற்றிக் கேட்டால் எழுந்து போய்விடுகிறார்.

“அவமானம் தாங்கலை மனுஷனுக்கு” என்றார் டீச்சரின் கணவர். “நீ ஒரு வார்த்தை போன் பண்ணி…”

“என்னன்னு? தெரியாம காலியில்லைன்னு எழுதிட்டேன்னா?”

வாய் அப்படிச் சொல்லிவிட்டது. ஆனால் அவளுக்குப் பயமாகத்தான் இருந்தது. தப்பு செய்யவில்லை என்று தெரியும். இருந்தும் தப்பு செய்தவளுக்கு வரும் தூக்கம்தான் வந்தது. மகள் காலையில் தலைவாரிக்கொண்டு, கண்ணாடியில் தன்னையே பார்க்காமல் வேலைக்குக் கிளம்பிப் போவதை வாசல்வரை வந்து பார்த்தாள். பெண்ணின் கல்யாணத்தை ஒரு பித்தளைத் துண்டுக்காகப் பணயம் வைத்துவிட்டோமா என்று தன்னையே கேட்டுக்கொண்டாள். வைத்தாலும் வேறு வழி இருந்ததா என்றும் கேட்டுக்கொண்டாள். முதல் கேள்விக்கு ஆமாம் என்றும் இரண்டாவதற்கு இல்லை என்றும் பதில் வந்தது, அதுதான் கொடுமை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கதவு தட்டப்பட்டது. மாப்பிள்ளையின் அம்மா தனியாக வந்து நின்றாள்.

டீச்சரின் கணவர் நாற்காலியைத் துடைத்தார், துடைத்த நாற்காலியையே மறுபடி துடைத்தார். மகள் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்துவிட்டு அடுப்படி வாசலிலேயே நின்றுகொண்டாள். வந்தவள் சுவரோரம் கிடந்த நீளமான சோபாவில் உட்கார்ந்து, தண்ணீரைக் குடித்து முடித்தாள். பேச்சுக்குப் பேர் போனவள் பேசாமல் உட்கார்ந்திருந்தது, கல்யாணம் நின்றுவிட்டது என்று வாய்விட்டுச் சொல்லியிருந்தால் எப்படி இருந்திருக்குமோ அப்படி இருந்தது.

“அண்ணி” என்றாள் டீச்சர். “நான் வேணும்னு…”

“இருங்க அண்ணி. நான் சொல்லிடறேன். நடுவுல நிறுத்தினா அப்புறம் என்னால சொல்ல முடியாது.” டம்ளரைக் கீழே வைத்தாள். “அவர் உங்க மேல கோவமா இருக்கார்னு நீங்க நினைச்சுக்கிட்டு இருக்கீங்க.”

“இல்லையா?”

“கோவம்னா எனக்குத் தெரியாதா? கோவம் வந்தா குழம்புல உப்பு இல்லம்பார், சட்டை பட்டன் இல்லம்பார், கதவைப் படார்னு சாத்துவார். இது அது இல்ல. என்னை நிமிந்தே பாக்க மாட்டேங்கறார்.”

டம்ளரை ஓரமாகத் தள்ளி வைத்துவிட்டு மறுபடி ஆரம்பித்தாள்.

“சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் அலமாரியில பூட்டறதுக்கு முன்னாடி கொஞ்ச நேரம் நாற்காலில உக்காருவார். கையில அது இருக்கும். டிவியில செய்தி ஓடும். அவருக்குப் பிடிக்காதவன் எவனாவது வந்து பேசினான்னு வைங்க, அதைத் தூக்கி அவனைக் குறி பாத்து ஒரு ‘டிக்’. ‘செத்தான்’ம்பார். நாங்க சிரிப்போம். பையன் சின்னப் பிள்ளையா இருந்தப்போலேர்ந்து இந்த விளையாட்டு. காலியாத்தானே இருக்கு.”

டீச்சரின் கணவர் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டார்.

“எங்க வீட்ல டிவி சுவத்துல மாட்டியிருக்கு. அதுக்கு நேர் கீழதான் வெளிச்சம் நல்லா இருக்கும். நான் அங்கதான் தரையில உக்காந்து காய் நறுக்குவேன்.”

டீச்சர் அன்று உள்ளங்கையில் வைத்துக் காட்டிய தோட்டாவைப் போல ஒன்று எந்தச் சாயங்காலமும் உள்ளே தங்கியிருந்திருக்கலாம். இத்தனை வருடத்தில் இது மட்டும்தான் வழுக்கியது என்று யாரால் சொல்ல முடியும்? அடுப்படி வாசலில் மகள் வாயைக் கையால் பொத்திக்கொண்டு நின்றாள். அவள் போய் வாழப்போகிற வீடு அது. அந்த வெளிச்சத்தில் இன்னொருத்தியும் உட்கார்ந்து காய் நறுக்கியிருப்பாள்.

“அன்னைக்கு உங்க ரேஞ்சிலேர்ந்து வந்தார். வழக்கம்போல அந்த நாற்காலில உக்காந்தார், கையில ஒண்ணும் இல்ல. டிவி ஓடுது. நான் கீழ உக்காந்து பீன்ஸ் நறுக்கிக்கிட்டு இருக்கேன். டிவியைப் பாத்தார். என்னைப் பாத்தார். மறுபடி டிவியைப் பாத்தார். எழுந்து உள்ள போனவர்தான். நேத்துதான் வாயைத் திறந்தார். ‘எத்தனை தடவை இருக்கும்?’னு கேட்டார். என்னதுன்னு கேட்டேன். விரலை மடக்கிக் காட்டினார். அழுதுட்டார் அண்ணி. அவங்கம்மா செத்தப்பகூட அழாத மனுஷன்.”

அவள் தன் பழைய குரலை எப்படியோ தேடி எடுத்துக்கொண்டாள்.

“நான் சொல்லிட்டேன். பயிற்சிக்குப் போங்க, அண்ணி சொல்றதைக் கேளுங்க, பாஸ் பண்ணுங்க, வாசல்ல நில்லுங்க. ஆனா அது இனிமே வீட்டுக்குள்ள வரக் கூடாது, கடையிலயே பூட்டி வைங்கன்னு. முதலாளி முடியாதுன்னா விசில் ஊதுங்க, எனக்கு ஒரு குறையும் இல்ல. வீட்டுக்கு மருமக வரா. அவ வரட்டும். அது வேண்டாம்.”

“அப்போ தேதி…” என்று ஆரம்பித்த டீச்சரின் கணவரால் முடிக்க முடியவில்லை.

“தேதிக்கு என்ன? நாற்காலிதான் பத்தாதாம், அதைப் பாருங்க.”

டீச்சர் அழுதுவிட்டாள். இத்தனை நாள் என்ன சொல்லித் தன் பக்கத்து நியாயத்தைக் காப்பாற்றிக்கொள்வது என்று ஒத்திகை பார்த்து வைத்திருந்த வார்த்தைகளில் ஒன்றுகூட வெளியே வரவில்லை. மாப்பிள்ளையின் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். சூடான, உயிருள்ள, காய் நறுக்கிக் கட்டைவிரலில் கோடு விழுந்த கை. அதை விட மனசு வரவில்லை அவளுக்கு.

“அவர் எங்க இப்போ?”

“கீழதான் நிக்கறார். மேல வர மாட்டேன்னுட்டார். உங்க முகத்துல எப்படி முழிக்கிறதாம்.”

டீச்சர் படிக்கட்டில் இறங்கினாள். சம்பந்தி தெருவோரத்தில், வேனுக்குப் பின்னால், அவ்வளவு பெரிய உடம்பை எங்கே ஒளிப்பது என்று தெரியாமல் நின்றுகொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் இரண்டு கையையும் கூப்பப் போனவர், பாதியில் கீழே போட்டார்.

“நீங்க மட்டும் அன்னைக்குப் பாஸ் போட்டிருந்தா… அன்னைக்குச் சாயங்காலமும் நான்…”

“போடலை இல்ல?” என்றாள் டீச்சர். “மேல வாங்க சம்பந்தி.”

“என்னால அவளை நேருக்கு நேர் பாக்க முடியல.”

“அதை அவங்ககிட்டயே சொல்லுங்க. வாங்க.”

அவர் மேலே வந்தார். தலை குனிந்தபடி உள்ளே நுழைந்தவருக்கு டீச்சரின் கணவர் துடைத்துத் துடைத்துப் பளபளத்துப் போயிருந்த நாற்காலியை இழுத்துப் போட்டார். அது சோபாவுக்கு நேர் எதிரில் விழுந்தது. சம்பந்தி அதைப் பார்த்தார், சோபாவில் உட்கார்ந்திருந்த மனைவியைப் பார்த்தார், நின்ற இடத்தைவிட்டு அசையவில்லை. நாற்காலியைத் தொடக்கூட இல்லை.

அவர் மனைவி கொஞ்சம் தள்ளி உட்கார்ந்து, பக்கத்தில் இடம் விட்டு, அந்த இடத்தைக் கையால் தட்டினாள்.

“எதிர்ல உக்காந்ததெல்லாம் போதும். இனிமே இப்படி வந்து பக்கத்துல உக்காருங்க.”

முதலில் சிரித்தது மகள். அப்புறம் எல்லாரும் சிரித்தார்கள், டீச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தாள். சம்பந்திக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. அவர் மெதுவாகப் போய் மனைவியின் பக்கத்தில் உட்கார்ந்தார், பெரிய கைகளை மடியில் வைத்துக்கொண்டு. அப்புறம்தான், எத்தனையோ நாளுக்குப் பிறகு, தலையைத் திருப்பி அவள் முகத்தைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார்.